ராடெக் சொன்ன பதில்

“நோன்னுட்டானே! என் காதால கேட்டேன்…”

“நோ இல்லம்மா, நீ முழுசா கேக்கவே…”

“முப்பது வருஷம் இங்கிலீஷ் நடத்தினவளுக்கு நோ தெரியாதாக்கும்?”

சங்கரன்கோவில் வீட்டில் ஏசுவடியாள் டீச்சரும் மகள் ரெனியும் இப்படிக் கத்திக்கொண்டிருந்தார்கள். ரெனி செக் நாட்டில் வேலை பார்க்கிறவள். அங்கே நாடகத்திலும் சினிமாவிலும் நடிக்கிற ராடெக்கைக் கட்டிக்கொள்ள அம்மாவின் சம்மதம் கேட்டு வந்திருந்தாள். வீடியோ காலில் டீச்சர் அவனிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: கல்யாணத்துக்கு அப்புறம் நடிப்பை விட்டுவிடுவாயா? பதற்றத்தில் அவன் தன் பாஷையிலேயே பதில் சொல்லிவிட்டான்.

“அவன் சொன்னது ‘அனோ’. அவங்க பாஷையில அதுக்கு ஆமான்னு அர்த்தம்.”

“ஆமாவா? ஸ்தோத்திரம்! முதல்லயே சொல்லக் கூடாதாட்டி? பாஸ்டரய்யாட்ட சொல்லி, ஞாயித்துக்கிழமையே சபையில கல்யாண ஓலை வாசிச்சு எல்லாருக்கும் அறிவிச்சிரலாம்.”

ரெனிக்குச் சிரிப்பு வரவில்லை.

“சின்ன வயசுல தியேட்டர்ல திரை இழுக்கப் போனவன்மா. பொம்மலாட்டத்துக்குக் குரல் குடுத்தான். சினிமாவுல பொணமாக் கெடந்தான். இப்பத்தான் பெரிய மேடையில ராஜா வேஷம் கெடச்சிருக்கு. எனக்காக அதையும் விடுதேங்கான்.”

டீச்சர் போனை எடுத்து, மகள் போன மாதம் அனுப்பிய நாடக வீடியோவை முதல் முறையாகத் திறந்தார். கிரீடம் சாய்ந்த ராடெக் தழுதழுத்து ஏதோ சொல்லி முடித்தான். கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. இன்னொரு தடவையும் பார்த்தார்.

“ஏட்டி, இதை விட்டுட்டா இவன் யாரா இருப்பான்?”