ஊர்த் தெருவின் அறுநூற்று நாற்பது அடி

திண்டிவனம் மறுபரிமாண நில அளவைக் கழகத்தில் கதவுக்குள் போனவர் திரும்பி வர வேண்டுமானால், வெளியே தாளில் போடும் கோடு தொடங்கிய புள்ளியிலேயே வந்து முடிய வேண்டும். அரை அடி வித்தியாசம் வரைக்கும் கதவு பொறுத்துக்கொள்ளும். அதற்கு மேல் போனால் அது வெறும் சுவர்தான். டயர் கடைக்கு மேலே வாடகை மாடியில் ஒன்பது வருடமாக நடக்கும் இந்தக் கழகம் இதுவரை நாற்பத்தோரு ஊர்களை அளந்திருக்கிறது. தாளின் தலைப்பில் எந்த ஊரின் பெயரை எழுதுகிறார்களோ, அந்த ஊரின் மறுபக்கத்தில் கதவு திறக்கும். ஏரி, கோயில், பள்ளிக்கூடம், மின்கம்பம் எல்லாம் இங்கே உள்ளபடியே அங்கேயும் இருக்கும், மனிதர்கள் மட்டும் இருக்கமாட்டார்கள். ஒருவர் இடுப்பில் சங்கிலி கட்டிக்கொண்டு உள்ளே போவார், கதவு மூடிக்கொள்ளும், விரல் நுழையும் அளவுள்ள துளை வழியாகச் சங்கிலி மட்டும் ஓடும். பத்தடிக்கு ஒரு இழுப்பு, இடது பக்கம் திரும்பினால் இரண்டு, வலது பக்கம் என்றால் மூன்று. வெளியே இருப்பவர் எண்ணி எண்ணி வரைவார். பொழுது சாய்ந்துவிட்டால் அந்தப் பக்கத்து நிலம் தன் அளவுகளை மாற்றிக்கொள்ளும், பிறகு எந்தத் திருத்தமும் செல்லாது. மூன்று வருடத்துக்கு முன்பு மாசிலாமணி என்பவர் ஒன்றேகால் அடி வித்தியாசத்தில் உள்ளேயே நின்றுபோனார். அவர் சங்கிலி பக்கத்துத் துளையில் இன்னும் தொங்குகிறது. செவ்வாய்க்கிழமைதோறும் அவர் மனைவி வந்து அரைமணி நேரம் அதைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்துவிட்டுப் பஸ் பிடித்துப் போவார்.

வரைந்து முடித்த கோட்டுக்கு இந்தப் பக்கத்து நிலமும் கட்டுப்படும் என்பது தற்செயலாகத்தான் தெரிய வந்தது. ஓமந்தூர்ப் பக்கம் ஒரு கிணற்றை ஆறடி கிழக்கே தள்ளி வரைந்துவிட்டார்கள். மறுநாள் காலை கிணறு ஆறடி கிழக்கே போயிருந்தது, மோட்டார் மட்டும் பழைய இடத்தில் நின்றது. விவசாயி வந்து சத்தம் போட்டுவிட்டு, கழகத்தின் செலவில் குழாயை நீட்டி வாங்கிக்கொண்டு போனார்.

மாசி மாதம் அம்சாவும் அவள் புருஷன் ஆரோக்கியராஜும் அளக்கப் போனது அவனுடைய சொந்த ஊரை. கோலியனூருக்கு அந்தப் பக்கம் இருக்கும் சின்ன ஊர் அது. வழி தெரிந்தவன் போனால் வேலை சீக்கிரம் முடியும் என்று கழகத்தின் தலைவர் விருத்தாசலம் நினைத்தார். ஓய்வுபெற்ற நில அளவர், சொந்தமாக எட்டு ஏக்கர் மல்லாட்டைக் கடலை போடுகிறவர், நல்ல மனிதர். காலனி முனையில் தொடங்கி, பள்ளிக்கூடம், ஊர்த் தெரு, மாரியம்மன் கோயில், பிறகு ரயில் பாதை ஓரமாகத் திரும்பக் காலனி முனை. ஆரோக்கியராஜ் உள்ளே போனான், அம்சா எண்ணினாள். ஐந்து மணிக்கு அவன் சுவரை மூன்று முறை தட்டினான். ஒரு செங்கல் தூரத்தில் கேட்டது. தாளிலோ அவன் இன்னும் நூற்றிருபது அடி தள்ளி நின்றான்.

அம்சா தாளைத் தன் பக்கம் இழுத்தாள். பக்கத்துச் சங்கிலியைப் பார்க்கக் கூடாது என்று பிடிவாதமாக உட்கார்ந்து, ஒவ்வொரு பகுதியாகக் கூட்டிப் பார்த்தாள். எல்லாம் சரியாக இருந்தது, பள்ளிக்கூடத்திலிருந்து கோயில் வரைக்கும் உள்ள தூரத்தைத் தவிர. அரசாங்கத்துக் கிராம வரைபடத்தில் ஊர்த் தெரு நேராக அறுநூற்று நாற்பது அடி. அவளிடம் எழுபத்தாறு இழுப்பு இருந்தது. நடுவில் திரும்பியதற்கு ஒரு அடையாளமும் இல்லை.

அவளுக்குப் புரிந்துவிட்டது. கல்யாணமாகி வந்த முதல் நாளிலிருந்து அவளும் நடந்த வழி அது. காலனிக்காரர்கள் பஸ்ஸுக்குப் போக ஊர்த் தெருவில் நுழையமாட்டார்கள். பள்ளிக்கூடத்தின் பின்னால் இறங்கி, ஏரிக்கரைப் பாதையில் சுற்றிக் கோயிலருகே ஏறுவார்கள். இப்போது யாரும் போகக் கூடாது என்று சொல்வதில்லை. போகலாம் என்றும் யாரும் சொன்னதில்லை.

விருத்தாசலம் தாளைப் பார்த்தார். "இதுக்குப் போயி ஏம்மா பயந்துக்கினு. ஏரிக்கரையோட வளைச்சுப் போட்டுடு. கோடு மூடிக்கும், புள்ள வந்துடுவான். ஒரு வளைவுதானே."

"உங்களுக்கு அது வளைவுங்க," என்றாள் அம்சா. "அவருக்கு அதுதான் நேர் வழி. அதனாலதான் திரும்புறேன்னு சங்கிலிய இழுக்கல. நான் அதைப் போட்டுட்டா அந்த ஊரு அப்படியே நின்னுடும்ங்க."

அவர் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். ஆறேகாலுக்குப் பொழுது சாயும். "அவன் உள்ள இருக்கான்மா," என்றார். 

அம்சா சங்கிலியை நான்கு முறை இழுத்தாள்: திரும்பிப் போய் மறுபடி அள. பிறகு எந்த இடத்திலிருந்து என்பதற்கு ஒரு இழுப்பு: முதல் இடமான பள்ளிக்கூடம்.  அப்புறம் சங்கிலி ஓடத் தொடங்கியது. பள்ளிக்கூடம் வந்ததும் அது துளையின் இடது விளிம்பில் உரசியது. கரைப் பக்கம் இறங்குகிறான். அவள் நீளமாக ஒரு இழுப்பு இழுத்தாள்: நில். நின்றான். மறுபடியும் இடது விளிம்பு. மறுபடியும் நில் என்று இழுத்தாள், இந்த முறை இரண்டு கையாலும், கோபத்தோடு. சங்கிலி தளர்ந்து தரையில் விழுந்தது.

பதினோரு நிமிடம் அது அப்படியே கிடந்தது. ஆளில்லாத தெருவின் வாயில் அவன் நிற்பது அவளுக்குக் கண்ணால் பார்ப்பது போலத் தெரிந்தது. தப்புப் பண்ணிவிட்டோமோ என்று தோன்றியது. ஊர் எப்படி இருந்தால் என்ன, வழி எங்கே போனால் என்ன, இவன் வந்தால் போதும் என்று பென்சிலைக் கையில் எடுத்தாள். ஏரிக்கரையின் முதல் புள்ளியில் அதன் முனையை வைத்தும்விட்டாள்.

சங்கிலி ஒரு இழுப்பு அசைந்தது. கொஞ்சம் பொறுத்து இன்னொன்று. முதல் பத்து இழுப்புக்கு ஆறு நிமிடம் ஆனது, அடுத்த பத்துக்கு மூன்று, பிறகு நடக்கிறவனின் சாதாரண வேகம் வந்துவிட்டது. அறுபத்து நான்காவது இழுப்பில் கோயில். அவள் கோட்டை நேராகப் போட்டு மூடினாள், நான்கு அங்குல வித்தியாசத்தில். அவன் ரயில் பாதை வழியாக ஓடி வருவதைச் சங்கிலியின் உதறல் சொன்னது. ஆறு பன்னிரண்டுக்குச் சுவர் கதவானது.

ஆரோக்கியராஜ் தரையில் உட்கார்ந்தான். சட்டை முழுக்க நனைந்திருந்தது. "யாருமே இல்ல அம்சா அங்க," என்றான். "ஒரு நாய்கூட இல்ல. அப்பவும் காலு வரல." அவள் அவன் தலையைப் பிடித்துத் தன் மடியில் அழுத்திக்கொண்டு அழுதாள். விருத்தாசலம் தாளை வாங்கிக் கையெழுத்துப் போட்டு, நாற்பத்திரண்டு என்று எண் கொடுத்தார்.

மறுநாள் காலை அந்த ஊரில் ஏரிக்கரைப் பாதை இல்லை. பள்ளிக்கூடத்தின் பின்சுவரிலிருந்து கோயில் வரைக்கும் ஏரித் தண்ணீர் நின்றது. தாசில்தார் ஆள் அனுப்பினார், அவர்கள் கோல் விட்டு ஆழம் பார்த்துவிட்டுப் போனார்கள். ஊருக்குள் இரண்டு கூட்டம் நடந்தது. இரண்டிலும் பேச்சு நீண்டது, முடிவு வரவில்லை. அதற்குள் காலனி மக்கள் வேலைக்குப் போக வேண்டியிருந்ததால் தெரு வழியாகவே போனார்கள். முதல் நாள் சில கதவுகள் சாத்திக்கொண்டன. பங்குனி பிறந்தபோது, பால் வண்டி வருவதைப் போல அதுவும் ஒன்றாகிவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை அம்சா போனபோது, மாமியார் அமலா சர்ச்சில் பூசை முடிந்து வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலில் உட்கார்ந்திருந்தாள். கால் வலிக்கிறதா என்று அம்சா கேட்டாள்.

"இல்லம்மா," என்றாள் அமலா. "நாப்பத்திரண்டு வருசமா இந்த ஊருல இருக்கேன். அந்தத் தெருவுல முப்பத்தோரு வீடு இருக்குது. இன்னிக்குத்தான் எண்ணினேன்."