வாசலைத் தாண்டி ஓடியவர்

நூற்பாலைத் தீ விபத்தைப் பற்றிய எங்கள் ஆவணப்படத்தில் உயிரோட்டமான காட்சி ஒன்றே ஒன்றுதான். பழைய செய்திப்படச் சுருளில் கிடைத்தது. புகைக்கு நடுவே ஆலை வாசலைத் தாண்டி மேஸ்திரி தலைதெறிக்க ஓடுகிறார். அவர் ஃபிரேமை விட்டு வெளியேறும் இடத்தில் கச்சிதமாக வெட்டியவள் நான். ‘முதலில் ஓடியவர் மேஸ்திரிதான்’ என்று பின்னணிக் குரல் வரும். இயக்குநர் கைதட்டினார். எனக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை.

சுருளில் அதற்குப் பிறகும் கொஞ்சம் இருந்தது. அதே மேஸ்திரி இரண்டு கையிலும் வாளியோடு உள்ளே திரும்புகிறார். கேமரா ஆடியிருந்தது, ஃபோகஸும் இல்லை. அதனால்தான் விட்டேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சுத்தப் பொய். அதை வைத்தால் பின்னணிக் குரல் பல்லிளித்துவிடும். இயக்குநர் முழுச் சுருளைப் பார்க்காதது எனக்கு வசதியாகப் போயிற்று.

இன்று, விபத்தில் பாதிக்கப்பட்ட குடும்பங்களுக்குப் படத்தைப் போட்டுக் காட்டினோம். மேஸ்திரியையும் அழைத்திருந்தோம். மகள் மட்டும் வந்தாள்.

“அப்பா வரமாட்டேன்னுட்டாரு” என்று சொல்லிவிட்டுக் கடைசி வரிசையில் உட்கார்ந்தாள்.

படம் முடிந்து விளக்கு எரிந்ததும் எழுந்து முன்வரிசைக்குப் போனாள். தீயில் மகனைப் பறிகொடுத்த பெரியவர் முன்னால் நின்று கும்பிட்டாள்.

“எங்கப்பா ஓடினதுக்கு நான் மன்னிப்புக் கேட்டுக்கறேன் ஐயா.”

பெரியவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

செய்தவள் நான் இங்கே நிற்க, எதுவும் செய்யாதவள் அங்கே கும்பிட்டுக்கொண்டிருக்கிறாள்.

“எல்லாரும் கொஞ்சம் உட்காருங்க. மீதி இருக்கு” என்றேன். இயக்குநர் முறைத்தார். முறைத்தால் முறைக்கட்டும் என்று, என் கணினியில் இருந்த வெட்டாத சுருளின் பிரதியை ஓட்டினேன்.

சத்தமே இல்லாத படம். மேஸ்திரி வாளிகளோடு புகைக்குள் போனார். பெரியவர் எழுந்து திரைக்குப் பக்கத்தில் போய் நின்றார்.

மகள் அழவில்லை. “சொல்லிட்டேதான் இருந்தாரு. தண்ணி எடுக்கத்தான் ஓடினேன், திரும்பிப் போனேன்னு. சும்மா அளக்காதீங்கப்பான்னு நானே அவர் வாயை அடைச்சிருக்கேன்.” பிறகு என்னிடம் திரும்பினாள். “இது உங்ககிட்டயே இருந்துச்சா?”

“இருந்துச்சு. தெரிஞ்சேதான் வெட்டினேன்.”

ஒரு வார்த்தை திட்டியிருந்தால்கூட ஆறுதலாக இருந்திருக்கும். அவள் கைப்பையை எடுத்துக்கொண்டு கிளம்பினாள்.

“நானும் வரட்டுமா? அவர்கிட்ட மன்னிப்புக் கேட்கணும்.”

“வாங்க. ஆனா வெளியில கொஞ்சம் நில்லுங்க” என்றாள். “மொதல்ல கேட்க வேண்டியது நான்.”