ஈரத்துணி

உச்சி சாய்ந்த கதிரவன் மேலைச் சாளரத்தின் வழியே நுழைந்து, வண்ணக் கிண்ணங்களையும், பாதி வரைந்த திரைச்சீலையையும், சுவரில் தொங்கிய குழலையும், நடு மேடையில் நின்ற களிமண் தலையையும் ஒருங்கே தடவி, அந்நெடிய கூடத்தின் தூசியைப் பொன்னாக்கிக்கொண்டிருந்த வேளை அது. கூடத்துக்கு உரியவளை அயலார் முக்கைக்காரி என்பர். காலையில் மண் பிசைந்து, நண்பகலில் வண்ணம் குழைத்து, மாலையில் குழலூதும் அவளுக்கு இரண்டு கைகள் போதா என்பது அவர்களது நையாண்டி. போதாதது கை அன்று, நாள். நயமறிந்த படிப்பாளரே, நீவிர் இதனை அறிவீர், அவர்கள் அறியார்.

அன்று மாலைக்குள் அம்மண்தலை முடிந்தாக வேண்டும். அது அவள் தங்கையின் தலை. கணவனுக்கு வேலை கிடைத்த தொலைநாட்டுக்கு அன்றே புறப்படவிருந்த தங்கை, நான்கு நாளாக அசையாது அமர்ந்து கழுத்துவலி கண்டிருந்தாள். மண் உலராதிருக்க ஈரத்துணி போர்த்துவது அத்தொழிலின் முதற்பாடம். முக்கைக்காரியோ, முந்தைய நாள் ஓவியத்தில் மூழ்கி, அத்துணியாலேயே தூரிகையைத் துடைத்து எங்கோ எறிந்துவிட்டாள். விடிந்து பார்க்கையில், கண்ணோரம் தொடங்கி மோவாய்வரை ஒரு வெடிப்பு ஓடியிருந்தது. காலைமுதல் பூசினாள், பூசினாள். காய்ந்த மண்ணில் ஈரமண் ஒட்டாமல் உதிர்ந்தது. அவளுக்குக் கை ஓய்ந்தது.

"அக்கா, போதும் விடு. கண்ணெல்லாம் செவந்துபோச்சு," என்றாள் தங்கை.

"இன்னும் கொஞ்ச நேரம்டி. அசையாம இரு."

"நாலு நாளா இதையேதான் சொல்றே. மண்ணுகிட்ட பேசுறே, படத்துகிட்ட பேசுறே. என்கிட்ட ஒரு வார்த்தை பேசினியா?"

தங்கை சொன்னது உண்மை. மண் அப்பிய கைகளோடு முக்கைக்காரி அவள் மடியில் தலைசாய்த்தாள். பேசத்தான் சாய்ந்தாள், ஆண்டுக்கணக்கில் தேங்கிய அயர்வு வாய்திறக்க விடாமல் அவளை உறக்கத்தில் ஆழ்த்திவிட்டது.

விழித்தபோது கூடம் மங்கியிருந்தது. தலைக்கடியில் மடி இல்லை, மடித்த போர்வை இருந்தது. வாயிலில் வண்டி வந்துபோன தடம் இருந்தது. தன்னை எழுப்ப மனம் வராமல் தங்கை போய்விட்டாள் என்று உணர்ந்ததும், முக்கைக்காரி வாய்விட்டு அழுதாள்.

அழுது ஓய்ந்து மேடையை நோக்கினாள். மண்தலைமேல், பிள்ளையைப் போர்த்துவதுபோல், ஈரத்துணி போர்த்தியிருந்தது. விலக்கினாள். ஊறி இளகிய வெடிப்பில், மண்ணையே தொட்டறியாத கை ஒன்று மண்ணை அப்பியிருந்தது. கன்னத்தில் தங்கையின் கட்டைவிரல் தடம் ஆழப் பதிந்திருந்தது.

நனைத்த விரலால் ஒருமுறை தேய்த்தால் மறையும் தடம்தான். உற்று நோக்குவதையே தொழிலாக உடையோர்க்கும், எதிரே அமர்ந்திருப்பவரைக் காணாதுபோவது எத்துணை எளிது! நான்கு நாளும் தன் கைக்கு அகப்படாத தங்கை அத்தடத்தில் இருக்கக் கண்டவள், அதைத் தேய்க்கவில்லை. துணியை மீண்டும் நனைத்து, மெல்லப் போர்த்தினாள்.