அழகம்மாள் கேட்ட பதில்

மனு வாங்கி முத்திரை குத்துவது எங்கள் தாலுகா அலுவலகத்தில் என் வேலை. பதில் சொல்வது என் வேலையல்ல என்று எனக்கு வசதியாக நானே ஒரு சட்டம் போட்டு வைத்திருந்தேன். அதை உடைத்தவர் அழகம்மாள்.

மேல்மலையில் பூண்டு போடுகிறவர். அவர் தோட்டத்துக்குப் போகும் பாதையின் குறுக்கே, பழனிக்காரர் சண்முகராஜ் தன் காட்டேஜுக்குச் சுற்றுச்சுவர் எழுப்பிவிட்டார். பொதிக்குதிரை போக வழியில்லை. இரண்டு வருடமாக மூட்டையைத் தலையில் வைத்து ஓடைச் சரிவில் ஏறினார் அழகம்மாள். இன்னொரு மகசூலைச் சுமக்க இடுப்பு தாங்காது. பாதை கிடைக்காவிட்டால் தோட்டத்தை விற்கத்தான் வேண்டும். பாதையை அளந்து சொல்லச் சொல்லிப் பதினோரு மனு. எல்லாவற்றிலும் முத்திரை குத்தியது இந்தக் கை. "பரிசீலனையில இருக்கும்மா" என்று கூசாமல் சொன்னது இந்த வாய்.

கடைசியில் மதுரைக்குப் போய் உயர்நீதிமன்றக் கிளையில் உத்தரவு வாங்கி வந்துவிட்டார். எட்டு வாரத்துக்குள் எங்கள் அலுவலகம் மனுவை விசாரித்து முடிவு சொல்ல வேண்டும்.

"செயிச்சிட்டீங்களேம்மா" என்றேன் அசடு வழிய.

"எங்கிட்டு? பாதையக் குடுன்னு கோர்ட்டு சொல்லலைங்க. உண்டா இல்லையான்னு பதில் சொல்லச் சொல்லியிருக்கு. அம்புட்டுத்தான்."

நான் மேலோட்டமாகப் புரட்டிய உத்தரவை அவர் கரைத்துக் குடித்திருந்தார்.

ஏழாவது வாரம் சர்வேயர் ராமரோடு நானும் போனேன். வரைபடத்தில் பாதை இருந்தது, பத்தடி அகலத்துக்கு. டேப் இழுத்துப் பார்த்தால் சுவர் பாதையில்தான் நின்றது. சண்முகராஜின் முகம் சுண்டிப்போயிற்று. எனக்கு உள்ளுக்குள் கொண்டாட்டம். ராமர் அளந்துகொண்டே போய், அழகம்மாள் பூண்டு காயப்போடும் கொட்டகைக்கு முன்னால் நின்று தலையைச் சொறிந்தார். கொட்டகையில் பாதியும் பாதைக்குள்தான் இருந்தது.

சண்முகராஜுக்கு உயிர் வந்துவிட்டது. "இதையும் எழுதுங்க சார்!"

ராமர் என்னைப் பார்த்தார். மனு சுவரைப் பற்றித்தானே, விட்டுவிடுங்கள் என்று கண்ணைக் காட்டினேன். அழகம்மாள் அதையும் பார்த்துவிட்டார்.

"எழுதுங்க தம்பி. எனக்குப் பிடிச்ச பதிலாக் குடுங்கன்னா கேட்டேன்? உள்ளதச் சொல்லுங்கன்னுதானே கேட்டேன்."

எட்டாவது வாரம் முடிவு கையெழுத்தானது. சுவரும் கொட்டகையும் பதினைந்து நாளில் அகற்றப்பட வேண்டும். உத்தரவைக் கொடுக்க நானே போனேன். கொட்டகை இருந்த இடம் வெறும் மண்ணாகக் கிடந்தது. பூண்டுக் கட்டுகள் வீட்டுக்குள் உத்தரத்தில் தொங்கின. அதைப் பார்த்தபின் சண்முகராஜால் என்ன வீம்பு பண்ண முடியும்? அவர் ஆட்களும் சுவரை இடித்துக்கொண்டிருந்தார்கள்.

"பதினஞ்சு நாள் இருக்கேம்மா. அதுக்குள்ள என்ன அவசரம்?" என்றேன்.

"அளந்த அன்னைக்கே பதில் தெரிஞ்சுபோச்சு. தெரிஞ்சதுக்கப்புறமும் போட்டு வச்சா, உங்க ஆபீசுக்கும் எனக்கும் என்னங்க வித்தியாசம்?"

பதினோரு முத்திரை குத்திய கையால் உத்தரவை நீட்டினேன்.