கனல் சட்டி

வழக்கு முடியும்வரை குற்றம் சாட்டப்பட்டவன் சவரம் செய்துகொள்வதில்லை. அது ரோமில் வழக்கம். ஸ்பூரியஸ் தாதியஸின் தாடி நெஞ்சைத் தொட்டுவிட்டது. பசியில் செத்துக்கொண்டிருந்த தன் வீரர்களை உயிரோடு ஊர் சேர்ப்பதற்காக, கோட்டைக் கதவை எதிரிக்குத் திறந்துவிட்டவன் அவன். அதற்குப் பெயர் தேசத்துரோகம். தண்டனை, மரணம்.

திடலில் மக்கள் குழுக் குழுவாக வாக்களித்துக்கொண்டிருந்தார்கள். ஓரத்தில் அவன் மனைவி நுமேரியா, மூடிய மண்சட்டி ஒன்றைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு காத்திருந்தாள். கடைசிக் குழு வாக்களிக்கும்வரை அவன் ஊரைவிட்டுப் போகலாம், யாரும் தடுக்கமாட்டார்கள். போனபிறகு, ரோமின் எல்லைக்குள் அவனுக்கு யாரும் தீயோ தண்ணீரோ தரக்கூடாதென்று தடை போடுவார்கள். எல்லைக்கு வெளியே, ஒரு பகல் பயணத்தில் இருக்கும் திபூர் நகருக்குள் அந்தத் தடை செல்லாது. உயிர் மிஞ்சும்.

அவளருகே உட்கார்ந்திருந்த தாதியஸ்தான் அசையவில்லை.

நுமேரியாவின் தம்பி கோஸஸ் கூட்டத்தை விலக்கிக்கொண்டு ஓடிவந்தான். "மச்சான், ரெண்டே குழுதான் பாக்கி. இதுவரைக்கும் எல்லாமே உங்களுக்கு எதிராத்தான் விழுந்திருக்கு. எந்திரிங்க! இந்தத் தாடியோட செத்துப்போனா பாதாளத்துப் படகுக்காரன்கூட ஏத்தமாட்டான்."

"ஓடினா, துரோகின்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரிடா."

"செத்தா மட்டும் சிலை வைப்பாங்களாக்கும்!"

"என் வீடு இங்க இருக்கு. என் அடுப்பு இங்க இருக்கு. விட்டுட்டு எங்க போறது?"

நுமேரியா சட்டியின் மூடியை நகர்த்தினாள். சாம்பலுக்கடியில் கனல் சிவந்து கிடந்தது.

"அடுப்பு இதோ இருக்கு. காலையிலயே அள்ளிட்டு வந்துட்டேன். வீட்ல இப்ப வெறும் சாம்பல்தான்."

அவன் அவளையே பார்த்தான்.

"கல்யாணத்தன்னிக்கு வாசல்ல தீயும் தண்ணியும் குடுத்து என்னை உள்ள கூப்பிட்டீங்களே, ஞாபகம் இருக்கா? இந்தத் தடவை என் முறை. திபூர்ல ஒரு வீடு பார்த்து வச்சிருக்கேன். கூரை கொஞ்சம் ஒழுகும்."

"நீயும் வர்றியா?"

"பின்னே, இந்தக் கனலை ஊத யாரு இருக்கா? நீங்க ஊதினா தாடில்ல பத்திக்கும்."

கடைசிக் குழுவை அழைக்கும் குரல் எழுந்தது. தாதியஸ் எழுந்தான். சட்டியை அவளிடமிருந்து வாங்கி, குழந்தையை ஏந்துவதுபோல் ஏந்திக்கொண்டு, கோஸஸ் நிறுத்தியிருந்த வண்டியை நோக்கி நடந்தான்.

அன்று பொழுது சாய்கையில், திபூரில் அந்தச் சின்ன வீட்டுக்குள் நுமேரியா முதலில் போனாள். ஒரு கையில் கனல் சட்டியும் மறுகையில் தண்ணீர்க் குவளையுமாக வாசலுக்குத் திரும்பி வந்தாள்.

"உள்ள வாங்க," என்றாள்.

வெளியே நின்றிருந்தவன் குவளைத் தண்ணீரைத் தொட்டான். நனைந்த கையாலேயே கண்ணைத் துடைத்துக்கொண்டு, நிலை இடிக்காமல் தலைகுனிந்து உள்ளே நுழைந்தான்.