சவரி வைத்த தோல்

என் புருஷன் சவரிக்கு எந்தக் கசிவைக் காட்டினாலும் தோல்தான் மருந்து. பாப்பாரப்பட்டியைச் சுற்றி எந்தக் கிணற்றில் ஆயில் என்ஜின் மக்கர் செய்தாலும் அவரைத்தான் கூப்பிடுவார்கள். பம்பு மூட்டில் தண்ணீர் கசிந்தால், விளக்கெண்ணெயில் ஊறிய தோலை வட்டமாக வெட்டி வைத்து முடுக்குவார்; கசிவு நின்றுவிடும். அந்தப் பெருமையில்தான் மனுஷன் எங்கள் வீட்டுக் கக்கூசைக் கெடுத்தார்.

கக்கூசு வேண்டுமென்று ஒற்றைக்காலில் நின்றவள் நான். எங்கள் தெருப் பெண்களுக்கு விடியுமுன் ஒரு தடவை, இருட்டிய பின் ஒரு தடவை, சோளக்காட்டுப் பக்கம். நடுவில் வந்தால் பல்லைக் கடித்துக்கொள்ள வேண்டியதுதான். வாக்கப்பட்டு வந்ததிலிருந்து பகலில் வாய் நிறையத் தண்ணீர் குடிக்கவே எனக்குப் பயம். நீர்க்கடுப்பில் நான் சுருண்டு விழுந்த பிறகுதான் அவர் சேலம் போய்க் கக்கூசுப் பீங்கான் வாங்கி வந்து, மூட்டுக்குத் தன் தோலையே வைத்துத் தானே கட்டினார்.

என் மாமியார் ஆரோக்கியம்மாளுக்கு அது ஆகவே ஆகாது. கட்டி முடித்த கொஞ்ச நாளில் நாற்றமும் கிளம்பவே, அவருக்குக் கொண்டாட்டமாகிவிட்டது.

"சோறாக்குற வூட்டுக்குப் பக்கத்துல இந்தக் கருமம் தேவையா? மாதா திருநாளுக்கு ஒறம்பரை சனம் வர்றதுக்குள்ள நாத்தம் நிக்கலன்னா மண்ணைக் கொட்டி மூடிப்புடுவேன், ஆமா!"

மூடவிட எனக்கு மனசில்லை. ஆனால் நாற்றம் எப்படி வருகிறது என்பதுதான் புரியவில்லை. பீங்கானுக்குக் கீழே வளைந்த குழாயில் எப்போதும் தண்ணீர் தேங்கி நிற்கும், அது குழி நாற்றத்தை மேலே விடாது என்று கடைக்காரர் சொல்லியிருந்தார். எட்டிப் பார்த்தேன், தண்ணீர் நின்றது. அப்புறம் எந்த வழியாக வருகிறது?

துணிக்குப் போடும் நீலத்தை ஒரு வாளி தண்ணீரில் கரைத்து ஊற்றினேன். பக்கத்து மணலைக் கொட்டாங்குச்சியால் தோண்டினால் மணலெல்லாம் நீலம்! பீங்கானும் வளைகுழாயும் சேருகிற மூட்டில்தான் ஒழுகியிருக்கிறது.

"ஏங்க, உங்க தோல்தாங்க ஒழுகுது."

"தோலா? போடி. எத்தனை பம்புக்கு வெச்சிருக்கறேன்!"

"பம்புல நாலு போல்ட்டு அதை அமுக்கிப் புடிச்சிருக்குது. இங்க எந்த போல்ட்டு புடிக்குது?"

அவருக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிட்டது. பீங்கானைப் பெயர்த்துத் தோலை வெளியே எடுத்தார். அது நனைந்தும் காய்ந்தும் சுருங்கி, வறுத்த வத்தல் மாதிரி கிடந்தது. அதைத் தூர எறிந்துவிட்டுப் பீடி பற்றவைத்துக்கொண்டார்.

சரி, தோல் ஆகாது. வேறெது ஆகும்? விடுவேனா நான்! உடைந்த பானைக் கழுத்துகளைப் பொறுக்கி, ஒன்றுக்குள் ஒன்றைச் செருகி முற்றத்தில் வரிசையாக வைத்தேன். ஒன்றின் இடுக்கில் கோயில் மெழுகுவத்தித் துண்டுகளை உருக்கி ஊற்றினேன். இன்னொன்றில் சைக்கிள் டியூப்பைச் சுற்றினேன். மூன்றாவதில் சணலைச் சிமெண்டுக் கரைசலில் நனைத்து இறுக்கித் திணித்து, மேலே சிமெண்டுச் சாந்து பூசி, அது வெடிக்காமலிருக்க ஈரச்சாக்கைப் போர்த்தினேன்.

"என்னாடி, பானைக்கு வைத்தியம் பாக்கறியா?" என்று மாமியார் சிரித்தார்.

சாந்து இறுகியதும் எல்லாவற்றிலும் நீலத் தண்ணீர் ஊற்றினேன். மெழுகு, கையால் கொஞ்சம் அழுத்தியதுமே வெடித்தது. வாய் சரியான வட்டமாக இல்லாததால் டியூப்பு ஒரு பக்கம் இடைவெளி விட்டது. சணல் வைத்ததில் பொட்டு நீலம்கூட வெளியே வரவில்லை. எனக்குக் குதிக்கலாம் போலிருந்தது.

அவர் குனிந்து அதைத் தடவித் தடவிப் பார்த்தார். பிறகு நாறிய மணலை வாரிக் கொட்டிவிட்டு, சணலும் சிமெண்டும் வைத்து மூட்டைத் தானே அடைத்தார். சாக்கு நனைக்கிற வேலை மட்டும் எனக்கு.

நாற்றம் நின்றது. திருநாளும் வந்தது, ஒறம்பரைச் சொந்தக்காரர்களும் வந்து போனார்கள். மாமியார் மூக்கை உறிஞ்சி உறிஞ்சிப் பார்த்தாரே தவிர, மண்வெட்டியைத் தொடவில்லை.

அதன் பிறகு ஒருநாள் உச்சிவெயிலில் நான் கக்கூசிலிருந்து வெளியே வந்தால், கதவோரம் மாமியார் நிற்கிறார். சண்டைக்குத்தான் வந்திருக்கிறாரென்று முந்தானையை இழுத்துச் செருகினேன். அவர் தெருப்பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"ஏண்டி மேரி, இதுக்குப் பகல்லயும் போலாமா?"

இந்த மனுஷியிடமா இத்தனை நாள் மல்லுக்கட்டினேன்!

"எப்ப வேணா போங்க அத்தை," என்றேன். வாளியில் தண்ணீர் நிரப்பி உள்ளே வைத்துவிட்டு, அந்தப் பக்கம் யாரும் வராமல் பார்த்துக்கொண்டு வெளியே நின்றேன்.