கொசு பேட் வயர்

டொமினிக் தங்கமான மனுஷன். குரல் மட்டும்தான் அமையவில்லை. அது அவனுக்குத் தெரியாது என்பதுதான் கல்யாணமான நாளிலிருந்து ஜூடித்தின் கவலை.

அன்று சாயங்காலம் அவளுடைய அப்பா அம்மாவுக்குப் பொன்விழா. மர்பி டவுன் வீட்டிலிருந்து நடந்து போகிற தூரத்தில் சர்ச் ஹால். டொமினிக்கே எழுதிய வாழ்த்துப் பாட்டைப் புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து பாடி அவன் போனில் வீடியோ எடுத்திருந்தார்கள். அதை லேப்டாப்பில் ஏற்றிவிட்டால், அவள் தம்பி ஓஸ்வால்ட் வந்து எடுத்துப்போய்ப் பெரிய திரையில் போடுவான். சர்ச்சின் பங்கு ஜனம் மொத்தமும் வரும். ஜூடித் வேலை பார்க்கிற பள்ளியின் சிஸ்டர்களும் வருவார்கள். டொமினிக் உச்சத்துக்குப் போகிற இடம் அவர்கள் காதில் விழவே கூடாது என்று அவள் முடிவுகட்டிவிட்டாள். அவள் குரலைப் பற்றி அவளுக்கு ஒரு சந்தேகமும் இல்லை. அது தேன்.

வாட்ஸ்அப்பில் அனுப்பினால் பாட்டு தேய்ந்துவிடும், வயர் போட்டுத்தான் ஏற்ற வேண்டும் என்று டொமினிக் ஒற்றைக்காலில் நின்றான். ஜூடித்துக்கு அது போதும். வீட்டிலிருந்த ஒரே நல்ல வயரைக் காலையிலேயே கிறிஸ்துமஸ் குடில் பொம்மைப் பெட்டியில், கழுதைக்கு அடியில் ஒளித்துவைத்தாள். மேஜைமேல் வைத்தது கொசு பேட்டோடு வந்த வயர். அதில் சார்ஜ் ஏறும், வேறொன்றும் ஏறாது. பள்ளி ஆண்டு விழா போட்டோக்களோடு ஒருநாள் அந்த வயரில் மல்லுக்கட்டித் தெரிந்துகொண்டவள் அவள்.

டொமினிக் வயரைச் சொருகினான். போன் சார்ஜ் ஆனது, லேப்டாப் கண்டுகொள்ளவே இல்லை. ஓட்டையை மாற்றினான். இரண்டையும் அணைத்துப் போட்டான். பல்குச்சியால் குத்தினான், வாயால் ஊதினான், சிலுவைகூடப் போட்டுப் பார்த்தான். ஜூடித் சமையலறையில் வெங்காயம் உரித்தபடி நமுட்டுச் சிரிப்பு சிரித்தாள்.

கடைசியில் அவன் முகம் தொங்கிப்போயிற்று. "பெரியவங்களுக்கு நம்ம கையால குடுக்கறது இது ஒண்ணுதான், ஜூடி" என்றான்.

கட்டின புருஷனை இப்படியா ஏய்ப்பது என்று அவளுக்கு வெட்கமாகிவிட்டது. கொசு பேட் வயரைச் சுருட்டிக் கைப்பையில் போட்டாள். "ஸ்வல்ப இருங்க, பழசு ஒண்ணு கிடக்குது" என்று போய், கழுதைக்கு அடியிலிருந்ததை எடுத்துவந்து கொடுத்தாள்.

சொருகியதும் லேப்டாப் டிங் என்றது. கம்ப்யூட்டருக்கு அனுமதி கொடுக்கட்டுமா என்று போன் கேட்டது. டொமினிக்குக்கு வேர்த்துவிட்டது. அவன் கட்டைவிரல் மெதுவாகப் போய் 'வேண்டாம்' என்பதை அழுத்தியது. பிடுங்கிச் சொருகினான், மறுபடியும் 'வேண்டாம்'. பின்னால் நின்ற ஜூடித் எல்லாவற்றையும் பார்த்தாள்.

"என்னா பண்றீங்க?"

டொமினிக் தலையைச் சொறிந்தான். "நீ மேல போறப்ப சுருதி எங்கியோ போய்டுது, ஜூடி. சிஸ்டருங்க முன்னாடி உன்னப் பாத்து யாராச்சும் சிரிச்சா நான் தாங்கமாட்டேன். இத்தினி வருஷமா சொல்லாம வெச்சிருந்தேன். மொதல்ல போட்ட வயரு வேலை செய்யலன்னதும் மாதாவே பாத்துக்கிட்டாங்கன்னு நெனச்சேன்."

அப்படியானால் பல்குச்சியால் குத்தியதெல்லாம் நாடகமா என்று கேட்டாள். ஆமாம் என்றான். ஜூடித்துக்கு அழுகையும் வந்தது, சிரிப்பும் வந்தது. ஆனால் இரண்டையும் கோபம் முந்திக்கொண்டது. போனை வெடுக்கென்று பிடுங்கி அனுமதி கொடுத்தாள். யார் குரல் லட்சணம் எப்படி என்று ஊரே கேட்டுச் சொல்லட்டும் என்றாள்.

ஊர் ஒன்றும் சொல்லவில்லை. பாட்டு முடிந்ததும் ஹாலே கப்சிப். பிறகு யாரோ ஒருவர் கை தட்ட, மற்றவர்களும் தட்டினார்கள். பங்குத் தந்தை கேக்கையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார். டொமினிக்கும் ஜூடித்தும் ஒருவரை ஒருவர் பார்க்காமல் காலடியைப் பார்த்தார்கள்.

அம்மா பியாட்ரிஸ் மட்டும் உருகிப்போய்க் கண்ணைத் துடைத்தாள். அதைத் தன் போனில் ஏற்றித் தரச் சொன்னாள். இனி தினமும் ஜெபமாலை முடிந்ததும் ஜன்னலைத் திறந்துவைத்துப் போடுவாளாம், தெருவே கேட்கட்டுமாம். ஓஸ்வால்ட் லேப்டாப்பைத் திறந்துகொண்டே, யாரிடமாவது வயர் இருக்கிறதா என்று கேட்டான்.

ஜூடித் கைப்பையைத் திறந்து கொசு பேட் வயரை எடுத்துக் கொடுத்தாள்.

டொமினிக் வயரைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். காலையில் நடந்ததெல்லாம் அப்போதுதான் அவனுக்கு விளங்கியது.

"நல்ல வயரு மச்சான்," என்றான் ஓஸ்வால்டிடம். "காலையில நானும் அதுலதான் போட்டேன்."